பச்சைக் குடமும் மூன்று தையலும்

என் மனைவி மாநகராட்சித் தேர்தலில் நின்றபோது அவளுக்கு எதிராக வந்த துண்டறிக்கையை மராத்தியில் மொழிபெயர்க்க உதவியவன் நான். யாரும் என்னை மிரட்டவில்லை. இரண்டு மாலைகள், வேலையிலிருந்து வந்ததும் காபி டம்ளரோடு பால்கனியில் நின்றுகொண்டு, போனில் வரிக்கு வரி விளக்கிக் கொடுத்தேன். "இந்த இடத்தில் வாசகர் சிரிக்க வேண்டும், கொஞ்சம் கவனியுங்கள்" என்றுகூடச் சொன்னேன். எதிர்க்கட்சிக்காரர்கள் கவனித்தார்கள். வாசகர்களும் சிரித்தார்கள்.

நாங்கள் திருநெல்வேலிக்காரர்கள். புனேயில் விஷ்ராந்த்வாடிக்கு வந்து கால் நூற்றாண்டுக்கு மேல் ஆகிறது. நான் வாகன உதிரிபாகங்கள் செய்யும் ஒரு தொழிற்சாலையில் தர ஆய்வுப் பிரிவில் இருக்கிறேன். அடுத்தவர் செய்த பொருளில் குறை கண்டுபிடிப்பதற்குச் சம்பளம். மிச்ச நேரத்தில் நகைச்சுவைக் கட்டுரை எழுதுவேன். இங்குள்ள தமிழர்கள் சேர்ந்து வருடத்துக்கு ஒருமுறை கொண்டுவரும் பொங்கல் மலரில் அவை வரும். மலரின் முதல் பக்கத்தில் பட்டுச்சேலை விளம்பரம், கடைசிப் பக்கத்தில் இட்லி மாவு விளம்பரம், நடுவில் நான். வாங்கியவர்கள் தங்கள் பிள்ளை ஃபேன்சி டிரெஸ் போட்டியில் நின்ற போட்டோ ஒழுங்காக வந்திருக்கிறதா என்று பார்த்துவிட்டு மூடிவைத்துவிடுவார்கள். என் மகளுக்குத் தமிழ் பேச வரும், திக்கித் திக்கி, படிக்க வராது. மனைவிக்குப் படிக்க வரும், நேரம் வராது. ஆகவே இந்த நாட்டில் என் அளவுக்குக் கருத்துச் சுதந்திரத்தை அனுபவித்த எழுத்தாளன் இருக்க முடியாது. எதை எழுதினாலும் கேட்க ஆளில்லை.

மனைவி வீட்டில் கணக்கு டியூஷன் எடுக்கிறாள். அடுக்குமாடிப் பிள்ளைகளும், எங்கள் கட்டடத்துக்குப் பின்னால் இருக்கும் வஸ்தியின், அதாவது குடிசைப் பகுதியின், தகர வீட்டுப் பிள்ளைகளும் எங்கள் ஹாலில் ஒரே பாயில் உட்கார்ந்து பின்னம் போடுவார்கள். தப்பாகப் போட்டால் நான்கு மொழிகளில் திட்டு விழும். எந்த மொழியில் விழுகிறது என்பதை வைத்துத் தப்பின் அளவைப் பிள்ளைகள் தெரிந்துகொள்வார்கள். தமிழில் விழுந்தால் மோசம்.

எங்கள் வார்டில் ஒரு இடம் பெண்களுக்கு ஒதுக்கப்பட்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, பகுதியின் கட்சிப் பிரமுகர் வீட்டுக்கு வந்தார். எல்லாரும் அவரை 'பாவ்' என்பார்கள், அண்ணன் என்று அர்த்தம். வெள்ளைக் குர்தா, கையில் இரண்டு போன். நான் உள்ளே ஓடிப்போய் நல்ல சட்டை ஒன்றை மாட்டிக்கொண்டு வந்தேன். பொங்கல் மலர் ஒருவழியாக மராத்தியர்களையும் எட்டிவிட்டது என்றுதான் நினைத்தேன். அவர் என்னைத் தாண்டி அடுக்களையைப் பார்த்து, "வஹினி, உங்களைத்தான் பார்க்க வந்தேன்" என்றார். வஹினி என்றால் அண்ணி. அவருடைய மகள் எங்கள் பாயில் உட்கார்ந்து கணக்குப் படித்தவள்.

மனைவி ஒரு வாரம் யோசித்துவிட்டுச் சரி என்றாள். வேட்புமனுவோடு ஒரு பிரமாணப் பத்திரமும் கட்சி வக்கீலை வைத்து நிரப்பிக் கொடுக்க வேண்டும். அதில் நடந்துகொண்டிருக்கும் கிரிமினல் வழக்குகள், தண்டனை பெற்ற வழக்குகள் என்று இரண்டு கட்டம் உண்டு.

"வக்கீல் சார், எம்பேர்ல ஒரு கேஸ் இருந்துதே" என்றாள்.

"விடுதலை ஆகிவிட்டதா?"

"ஆயாச்சு. ஒம்பது வருசம் நடந்தது."

"அப்படியென்றால் இந்தப் படிவம் அதைக் கேட்கவில்லை. இரண்டிலும் 'இல்லை' என்று போடுங்கள்."

போட்டாள். எதிர்த்தரப்பு பின்னால் "மறைத்துவிட்டார்" என்று மைக்கில் அலறியது இந்த இரண்டு 'இல்லை'களைத்தான்.

அந்த வழக்கைப் பற்றி அப்போது எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். மகள் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்த காலம். ஒரு கோடையில் குழாய் உடைந்து வஸ்திக்கு ஒன்பது நாள் தண்ணீர் இல்லை. கட்டடங்களுக்கு லாரி வந்தது, வஸ்திக்கு வரவில்லை. பெண்கள் குடத்தோடு ஊர்வலம் போக முடிவு செய்தார்கள். இந்த ஊரில் அதற்கு 'ஹண்டா மோர்ச்சா' என்று பெயர். மனு எழுதித் தரச் சொல்லி என் மனைவியிடம் வந்தார்கள். எழுதிக் கொடுத்தாள். மாநகராட்சி எஞ்சினியர் இங்கிலீஷில் பேசிவிட்டால் என்ன செய்வது, கூட வாருங்கள் என்றார்கள். போனாள். எல்லாரும் ஸ்டீல் ஹண்டாவோடு நின்றபோது கையை வீசிக்கொண்டு போவது மரியாதையாக இல்லை என்று வீட்டிலிருந்த குடத்தையும் இடுப்பில் எடுத்துக்கொண்டு போயிருக்கிறாள். ஊரிலிருந்து ரயிலில் கொண்டுவந்த பச்சைப் பிளாஸ்டிக் குடம்.

எஞ்சினியர் நாளைக்கு வரச் சொன்னார். பெண்கள் குடங்களை வாசலில் வரிசையாக வைத்துவிட்டு அவர் மேஜையைச் சுற்றி உட்கார்ந்துவிட்டார்கள். இரண்டு மணி நேரம் கழித்து அவர் குடங்களைத் தாண்டி வெளியே போக முயன்று, வழுக்கி, தரையில் உட்கார்ந்தார். தள்ளிவிட்டார்கள் என்று புகார் கொடுத்தார். போலீஸ் வந்து பெயர் கேட்டது. என் மனைவி தன் பெயரைச் சொன்னாள். முதல் தகவல் அறிக்கையில் குற்றம்சாட்டப்பட்டவர் நம்பர் ஒன்று அவள். அதற்குக் கீழே 'மற்றும் அடையாளம் தெரியாத சுமார் நாற்பது பெண்கள்'. சட்டவிரோதமாகக் கூடியது, அரசு ஊழியரைப் பணி செய்யவிடாமல் வன்முறையால் தடுத்தது.

சாயங்காலம் நான் அவளுடைய பல் தேய்க்கும் பிரஷ்ஷை எடுத்துக்கொண்டு போலீஸ் ஸ்டேஷனுக்கு ஓடினேன். வேறு என்ன எடுத்துப் போக வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை. அன்றே விட்டுவிட்டார்கள். "என்னட்டி நடந்துது?" என்றேன். "ஒண்ணுமில்ல. பேரக் கேட்டாங்க, சொன்னேன்" என்றாள்.

இந்த ஒரு வரியை வைத்துக்கொண்டு நான் பல வருடம் பிழைப்பு நடத்தினேன். விருந்தாளி யார் வந்தாலும், "போலீஸ் பேர் கேட்டால் நாற்பது பேரும் வாயை மூடிக்கொண்டு நிற்க, முதல் பெஞ்சு மாணவி மாதிரி கையைத் தூக்கி 'பிரசெண்ட் சார்' என்றவள் இவள்" என்று ஆரம்பிப்பேன். எல்லாரும் சிரிப்பார்கள். அவளும் சிரித்துக்கொண்டே காபி கொண்டுவந்து வைப்பாள்.

ஒன்பது வருடம் 'தாரீக்', அதாவது வாய்தா. ஒன்றுகூட அவள் தவறவிடவில்லை. பரீட்சைத் தாள்களைப் பையில் போட்டுக்கொண்டு போய் கோர்ட் பெஞ்சில் உட்கார்ந்து திருத்துவாள். டவாலி தன் பையனின் கணக்கு நோட்டை எடுத்துவந்து காட்டுவார். கடைசியில் எஞ்சினியரே கூண்டில் ஏறி, "யார் தள்ளினார்கள் என்று தெரியாது, நிறையக் குடம் இருந்தது" என்று சொல்ல, வழக்கு விழுந்தது. வழக்குச் சொத்தாகப் பிடித்துவைத்திருந்த பச்சைக் குடத்தை மனுப் போட்டுத் திரும்ப வாங்கிக்கொண்டு வந்தாள். கழுத்தில் கட்டிய சீட்டும் அரக்கு முத்திரையும் அப்படியே இருந்தன. அவிழ்க்காமல் பரணில் வைத்துவிட்டாள்.

அந்த வருடப் பொங்கல் மலருக்கு நான் இதை எழுதினேன். எழுத்தாளன் அல்லவா, இருந்தது இருந்தபடி எழுதினால் எப்படி? பிளாஸ்டிக் குடத்தில் வீரம் இல்லை என்று பித்தளையாக்கினேன். எஞ்சினியர் தானாக வழுக்கி விழுந்ததில் சுவாரஸ்யம் இல்லை. மனைவி குடத்தைச் சுழற்றி அவர் மண்டையில் இறக்குவதாக வைத்தேன். மூன்று தையல் போட்டேன். தலையில் கட்டோடு அவர் தண்ணீர் லாரிக்குக் கையெழுத்துப் போடுவதாக முடித்தேன். நல்ல முடிவு என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். வேறு யாரும் சொல்லவில்லை.

பிரசாரம் சூடுபிடித்த நேரம் ஒரு இளைஞர் போன் செய்தார். நல்ல இந்தி, மிகுந்த பணிவு. மராத்தியில் ஒரு இலக்கியப் பத்திரிகை நடத்துகிறோம், பிற மொழி நகைச்சுவையாளர்களை அறிமுகம் செய்கிறோம், உங்கள் பெயரை எல்லாரும் சொல்கிறார்கள் என்றார். எல்லாரும் யார் என்று நான் கேட்கவில்லை. சந்தேகப்பட வேண்டிய இடத்தில் மனிதன் சந்தேகப்படாமல் இருப்பதற்கு ஒரு பாராட்டு போதும். உங்கள் படைப்புகளில் எது சிறந்தது, வீட்டம்மாவைப் பற்றி ஏதோ எழுதியிருக்கிறீர்களாமே என்றார். அனுப்பினேன். அவருக்குத் தமிழ் கொஞ்சம்தான் தெரியும் என்பதால் போனிலேயே விளக்கவும் செய்தேன். கடைசியில், "சார், இது நிஜமாக நடந்ததா?" என்று கேட்டார்.

"நூற்றுக்கு நூறு நிஜம்" என்றேன். அதை அவர் பதிவு செய்துகொண்டார்.

நாலாம் நாள், பாணேரில் ஐ.டி. கம்பெனியில் வேலை செய்யும் மகள் போன் செய்தாள்.

"அப்பா, வாட்ஸ்அப் பாத்தியா? அம்மா பத்தி ஒரு பேம்ப்லெட் வந்திருக்கு. 'இந்த ரவுடி அக்காவா உங்கள் கார்ப்பரேட்டர்?'னு போட்டிருக்கான். அம்மா ஒரு ஆளோட தலைய ஒடச்சாளாம். கீழ உன் பேரு. கூட உன் வாய்ஸ் வேற. நீ எழுதுனதா இது?"

"ம்."

"அப்பா!" என்று கத்தினாள். பிறகு, "ஆனா நல்லா இருக்குப்பா. நெஜமா. நீ ஃபன்னியா எழுதுவேன்னு எனக்குத் தெரியவே தெரியாது" என்றாள்.

என் ஒரே மகள் என் எழுத்தை முதன்முதலாகப் படித்தது இப்படி.

மனைவி பிரசாரம் முடித்து வந்து செருப்பைக் கழற்றும்போதே எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். ஒத்திப்போட்டால் பக்கத்து வீட்டார் சொல்லிவிடுவார்கள். அவள் போனை வாங்கி முழுதும் படித்தாள். மராத்தியில் அவள் வேகமாகப் படிப்பாள்.

"நீங்களேவா அனுப்புனீய?"

"ஆமா."

"அர்த்தமும் சொல்லிக் குடுத்தீயளோ?"

"கொஞ்சம்."

"இதுல நான் செவப்புச் சேல கட்டியிருந்தேன்னு போட்டிருக்கு. அப்ப எங்கிட்ட செவப்புச் சேலையே கெடயாதே."

அவ்வளவுதான் சொன்னாள். நான் எதிர்பார்த்திருந்த நான்கு மொழிகளில் ஒன்றுகூட வரவில்லை. அது இன்னும் மோசமாக இருந்தது.

ஒரு மணி நேரத்தில் பாவ் வந்துவிட்டார். இரண்டு போனும் அடித்துக்கொண்டே இருந்தன. அடுக்குமாடிப் பகுதியில் எல்லாரும் கலங்கிப்போயிருக்கிறார்கள், டீச்சரம்மா என்று நம்பினால் கிரிமினலாமே என்று கேட்கிறார்கள் என்றார். என்னை ஒரு பார்வை பார்த்தார். தர ஆய்வில் தள்ளுபடி செய்த பாகத்தை நான் பார்ப்பது போலவே இருந்தது. பிறகு திட்டத்தைச் சொன்னார்.

"வஹினி, ரொம்பச் சுலபம். நாளைக்குச் சாயங்காலக் கூட்டத்தில் ஒரே வார்த்தை சொல்லுங்கள். தள்ளினது வஸ்திப் பெண்கள், நான் மனு எழுதிக் கொடுக்கத்தான் போனேன், என்னைத் தெரியாமல் மாட்டிவிட்டார்கள். முடிந்தது. படித்தவர்கள் எல்லாரும் நம்பிவிடுவார்கள்."

"வஸ்திக்காரங்க?"

"அரே, அவர்களுக்கு இதெல்லாம் பழக்கம். ஒன்றும் நினைக்க மாட்டார்கள்."

"பாவ், அவங்க ஓட்டும் வேணும், பழியும் அவங்களுக்கா?" என்றாள் மனைவி. மராத்தியில்தான் சொன்னாள். எனக்கு அது திருநெல்வேலித் தமிழிலேயே காதில் விழுந்தது.

"அப்படியானால் தோற்றுப்போவீர்கள்."

"தோத்தா டியூசன் எடுப்பேன். இப்பவும் அதத்தான எடுக்கேன்?"

பாவ் என் பக்கம் திரும்பி, "நீங்களாவது சொல்லுங்கள்" என்றார். அந்த வீட்டில் என் சொல்லுக்கு அன்றைக்கு என்ன மதிப்பு இருந்தது என்பது அவருக்குத் தெரியவில்லை. ஆனால் ஒன்று சொன்னேன். "எழுதினவன் நான். மேடையில் ஏறி அது பொய் என்று நானே சொல்கிறேன்." மனைவி என்னை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தாள். "சொல்லுங்க. அந்தப் பரண்மேல இருக்க கொடத்தையும் எறக்கிக் குடுங்க" என்றாள்.

மறுநாள் கூட்டம் வஸ்திக்கும் கட்டடங்களுக்கும் நடுவிலுள்ள சவுக்கத்தில். முந்நூறு பேர் இருக்கலாம். எதிர்த்தரப்பு ஆட்கள் சிலர் துண்டறிக்கையைக் கையில் பிடித்துக்கொண்டே வந்திருந்தார்கள். என் வாழ்க்கையில் என் படைப்பை இத்தனை பேர் கையில் நான் பார்த்ததில்லை. ஒரு கணம், ஒரே ஒரு கணம், சந்தோஷமாக இருந்ததை மறைப்பதில் பயனில்லை.

மைக் முன்னால் நின்று எனக்குத் தெரிந்த மராத்தியில் பேசினேன். "நீங்கள் கையில் வைத்திருப்பதை எழுதியவன் நான். அதில் தண்ணீர் வராதது நிஜம். மற்றது பொய். யார் மண்டையும் உடையவில்லை. மூன்று தையலையும் போட்டது நான்தான், பேனாவால். நிஜம் என்று போனில் சொன்னதும் பொய்."

கூட்டம் சிரித்தது. எழுதி ஒருபோதும் கிடைக்காத சிரிப்பு. இன்னும் இரண்டு வார்த்தை சொல்லலாமா என்று ஆசை வந்தது. மனைவி மைக்கை வாங்கிக்கொண்டாள்.

அவள் பேசியது மூன்று நிமிடம்கூட இருக்காது. "வழக்கு இருந்தது. ஒன்பது வருஷம் போனேன். ஒரு தாரீக்கும் விடவில்லை. கோர்ட் விடுதலை செய்தது, தீர்ப்பு நகல் இந்த மேஜையில் இருக்கிறது, யார் வேண்டுமானாலும் வந்து படிக்கலாம். தண்ணீர் கேட்டுப் போனேன். திரும்பவும் வராவிட்டால் திரும்பவும் போவேன். குடம் இதுதான்." சீட்டும் அரக்கும் தொங்கிய பச்சைக் குடத்தைத் தூக்கிக் காட்டினாள். "இதால் அடித்தால் மண்டை உடையுமா என்று நீங்களே பாருங்கள்." சொல்லிவிட்டு, பக்கத்தில் நின்றிருந்த என் தலையில் ஒன்று போட்டாள்.

'டொப்' என்று சத்தம் வந்தது. மைக் அதை இன்னும் பெரிதாக்கிக் கொடுத்தது. கல்யாணமாகி இத்தனை வருடத்தில் அவள் என்னை அடித்தது அந்த ஒரு முறைதான். சாட்சி முந்நூறு பேர். தையல் எதுவும் தேவைப்படவில்லை. சவுக்கம் முழுக்க விசில்.

அந்தச் சத்தம் அடங்குவதற்குள் முன் வரிசையிலிருந்து நரைத்த தலையோடு ஒரு பெண் எழுந்து மேடைக்கு வந்தாள். வஸ்திக்காரி. எல்லாருக்கும் அவள் மாவ்ஷி, சித்தி. கூட்டத்தில் பேசிப் பழக்கமில்லாதவள். மைக்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். அவள் மராத்தியில் சொன்னது எனக்கு இன்றும் இப்படித்தான் கேட்கிறது:

"டீச்சர் பாதிதான் சொன்னாங்க. மீதிய நான் சொல்றேன். அன்னைக்கு இன்ஸ்பெக்டர் வந்து யாரு தலைவின்னு கேட்டாரு. எஞ்சினியருக்குப் பக்கத்துல நின்னது நாங்க நாலு பேரு. நாலு பேருக்கும் லோஹேகாவ்ல ஏர்ஃபோர்ஸ் குவார்ட்டர்ஸ்ல வீட்டு வேல. கேட் பாஸ் இருந்தாத்தான் உள்ள விடுவான். போலீஸ் ரிப்போர்ட் சுத்தமா இருந்தாத்தான் பாஸு. பேரு எழுதிட்டா அதோட சோறு போச்சு. என் பேரச் சொல்லிடலாம்னு வாயத் தொறந்தேன். டீச்சர் பின்னாலேருந்து என் முந்தானையப் பிடிச்சு இழுத்தாங்க. முன்னாடி போய், 'என் பேரை எழுதுங்க'ன்னாங்க. 'மத்தவங்க பேரு?'ன்னு கேட்டாரு. 'இவங்க யாரையும் எனக்குத் தெரியாது'ன்னாங்க. தெரியாதாம்! என் பொண்ணு ரெண்டு வருஷமா அவங்க வீட்டுப் பாயில உக்காந்து கணக்குப் படிச்சிக்கிட்டிருந்தா. என் பாஸு இன்னைக்கு வரைக்கும் இருக்கு. அவ்வளவுதான்."

மைக்கை வைத்துவிட்டுப் போய் உட்கார்ந்துகொண்டாள். யாரும் விசில் அடிக்கவில்லை.

நான் குடத்தைக் கையில் பிடித்துக்கொண்டு மேடையில் நின்றேன். முதல் பெஞ்சு மாணவி, பிரசெண்ட் சார். எத்தனை விருந்தாளிகள், எத்தனை காபி. பித்தளையும் தையலும் சிவப்புச் சேலையும் சேர்த்து நான் ஜோடித்த கதைக்குள்ளே, எனக்குத் தெரியாத ஒரு நிஜம் இருந்திருக்கிறது; என் கதையைவிட நல்ல கதை. ஒன்பது வருடம் அந்த நாற்பது பெண்களும் அறிக்கையில் 'அடையாளம் தெரியாத'வர்களாகவே இருந்தது போலீஸின் சோம்பேறித்தனம் என்று எழுதியிருந்தேன். அது என் மனைவியின் வேலை. வெட்கமாகத்தான் இருந்திருக்க வேண்டும். இருந்ததும்தான். ஆனால் அதைவிடப் பெரிதாக இன்னொன்று முந்திக்கொண்டு வந்தது. இவள் என் பெண்டாட்டி என்று கூட்டத்தில் ஒவ்வொருவரையும் தனித்தனியாகக் கூப்பிட்டுச் சொல்ல வேண்டும் போல இருந்தது. எல்லாருக்கும் தெரியும் என்பதால் சொல்லவில்லை.

கூட்டம் முடிந்து வீட்டுக்கு நடந்தோம். குடம் என் கையில்.

"இத்தன வருசமா ஏன் எங்கிட்ட சொல்லல?" என்றேன்.

"நீங்க கேக்கவே இல்லையே. எழுதத்தான செஞ்சீய."

"நான் கேலி பண்ணும்போதாவது சொல்லியிருக்கலாம்லா?"

"வந்தவங்க முன்னால சொன்னா அது வஸ்தி வரைக்கும் போகும். அப்புறம் போலீஸ் வரைக்கும் போகும். கேஸ் நடந்துக்கிட்டு இருந்துதுல்லா." கொஞ்ச தூரம் நடந்த பிறகு, "முடிஞ்ச பொறவு சொல்லலாம்னுதான் இருந்தேன். அதுக்குள்ள நீங்க பித்தளக் கொடம் வாங்கிட்டீய" என்றாள்.

அவள் ஜெயித்தாள். ஓட்டு வித்தியாசம் பெரிதில்லை. கட்டடங்களில் பாதிப் பேர் தயங்கியிருக்கிறார்கள். வஸ்தி அப்படியே அவள் பக்கம் விழுந்தது. முடிவு வந்த அன்று மேளம், குலால் பொடி, மாலை. பாவ் என்னைக் கட்டிப்பிடித்தார், இரண்டு போனோடும். என் சட்டையில் ஏறிய குலாலின் இளஞ்சிவப்பு இரண்டு முறை துவைத்தும் போகவில்லை. அந்தச் சட்டையையே போட்டுக்கொண்டு வேலைக்குப் போனேன். கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் காரணம் சொன்னேன்.

எனக்குள் ஒரு ஓரமாக இன்னொரு பெருமையும் இருந்தது. அவள் பழியை யார் தலையிலும் போடவில்லை, நானும் எழுந்து நின்று உண்மையைச் சொன்னேன். முந்நூறு பேர் முன்னால் தன்னைப் பொய்யன் என்று ஒப்புக்கொள்ள ஒரு எழுத்தாளனுக்கு எவ்வளவு தைரியம் வேண்டும்? வெற்றியில் என் வாக்குமூலத்துக்கும் ஒரு சின்னப் பங்கு இருக்கும் என்று நம்பிக்கொண்டிருந்தேன். இரண்டு நாள் நம்பினேன்.

மூன்றாம் நாள் சவுக்கத்தில் காய்கறி வாங்கப் போனேன். வழக்கமாக எனக்கு முற்றல் வெண்டைக்காயைத் தள்ளிவிடும் காய்காரம்மா, அன்றைக்குப் பிஞ்சாகப் பார்த்துத் தானே பொறுக்கிப் போட்டாள். கொத்துமல்லியும் ஒரு கட்டு சும்மா வைத்தாள்.

"எங்க வஸ்தியில எல்லா ஓட்டும் அக்காவுக்குத்தான், சாஹேப்" என்றாள்.

"கூட்டத்துக்கு வந்திருந்தீங்களா? நான் பேசினதைக் கேட்டீங்களா?"

"கேட்டேன், கேட்டேன். மண்டை உடையலேன்னு சொன்னீங்களே. நல்லாத்தான் சொன்னீங்க. பொண்டாட்டியக் காப்பாத்த புருஷன் பொய் சொல்லத்தான் செய்வான்." பையை என்னிடம் நீட்டினாள். "ஆனா யாரும் நம்பல. கட்டின புருஷனையே மேடையில வெச்சுக் குடத்தால போட்டவ, அந்த எஞ்சினியரச் சும்மா விட்டிருப்பாளா?"